அந்தக் குடத்து வெளிச்சம் எதைத் தின்று வாழ்கிறது?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

தங்கள் நாளிதழின் வார இணைப்பில் வெளிவந்துகொண்டிருக்கும் கற்பனை உலகத் தொடர்கதையை முதல் அத்தியாயத்திலிருந்து ஒரு வாரமும் விடாமல் படித்துவருகிறேன். படித்துவருகிறேன் என்பதைவிட, ஒன்பது வயதுப் பேத்திக்கு வாய்விட்டுப் படித்துக்காட்டி வருகிறேன் என்று சொல்வதே பொருந்தும். இரண்டு நிலவுகள் கொண்ட அந்த நாடும், மலைகளுக்கு நடுவே படகு காணாத அந்தப் பெரிய ஏரியும், இரு நிலவுகளும் ஒருசேர மறைந்திருக்கும் இரவுகளில் ஆழத்திலிருந்து மெல்ல மேலெழுந்து கரையைத் தொடும் நீல வெளிச்சமும், அந்த இரவுகளில் விளக்கேற்றாமல் வாசலில் உட்கார்ந்து ஏரியையே பார்த்துக்கொண்டிருக்கும் கரையோர மக்களும் எங்கள் வீட்டுப் பேச்சில் அன்றாடம் இடம்பெறும் அளவுக்கு நெருக்கமாகிவிட்டார்கள்.

கடந்த சில வாரங்களாக இந்தக் கடிதப் பகுதியிலேயே அந்த ஏரியைக் குறித்து வாசகர்கள் இரு அணியாகப் பிரிந்து எழுதி வருவதைப் பார்க்கிறேன். காரணம் சொல்லாமல் ஒரு நீர்நிலையை ஒளிரவிடுவது பிள்ளைகள் மனத்தில் மூடநம்பிக்கையை விதைக்கும் என்பது ஒரு சாராரின் குற்றச்சாட்டு. கற்பனை உலகத்திடம் போய்க் காரணம் கேட்பதே ரசனைக்குறைவு, விளக்கம் வந்த அன்றைக்கே வியப்பு செத்துவிடும் என்பது மறுசாராரின் வாதம். இரு தரப்பாரும் கதையின்மேல் உள்ள அக்கறையினால்தான் எழுதுகிறார்கள் என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் முப்பது ஆண்டுகளுக்கு மேல் பள்ளியில் உயிரியல் கற்பித்து ஓய்வுபெற்றவன் என்ற முறையில், இரு தரப்பிலும் என்னால் முழுமனதோடு சேர இயலவில்லை. எனக்கு ஏரியோடு எந்த வழக்கும் இல்லை. என் வழக்கெல்லாம் பதினோராம் அத்தியாயத்தில் வந்த குடத்தோடுதான்.

நினைவூட்டுகிறேன். கதையின் நாயகியான சிறுமி ஓர் இரவில் யாருக்கும் தெரியாமல் கரைக்குப் போய், ஒளிரும் நீரை ஒரு மண்குடத்தில் மொண்டு வருகிறாள். கைவிரல்களிலும் முழங்கைவரையிலும் நீலம் ஒட்டிக்கொள்கிறது. அதை ஆடையில் துடைத்தால் ஆடையும் ஒளிர்கிறது. மிக அழகான இடம் அது, படிக்கும்போது என் குரலே தாழ்ந்துவிட்டது. பிறகு அவள் குடத்தை மூடி, துணியால் வாய் கட்டி, பரணில் ஏற்றிவிடுகிறாள். வெளியே பனி கொட்டும் ஒரு காலம் முழுவதும் அந்தக் குடம் இருட்டில் அசையாமல், யாரும் தொடாமல், மங்காமல் ஒளிர்ந்துகொண்டே இருக்கிறது. அந்த வரியை முடித்து நான் மூச்சு வாங்கியபோது பேத்தி கேட்டாள்: "தாத்தா, அந்த வெளிச்சம் என்னத்தைச் சாப்பிடும்?"

நான் செய்தித்தாளை மடித்து மடியில் வைத்துவிட்டேன். குடம் எப்படி ஒளிர்கிறது என்று அவள் கேட்கவில்லை, ஒளிர முடியுமா என்றும் கேட்கவில்லை. ஒளிர்வதை அவள் நம்பிவிட்டாள். நம்பியதால்தான் அதன் பசியைப் பற்றிக் கவலைப்பட்டாள். மூடநம்பிக்கை வந்துவிடும் என்று அஞ்சுகிற வாசகர்கள் இந்த ஒரு கேள்வியைச் சற்று எண்ணிப்பார்க்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

நான் சிறுவனாக இருந்தபோது ஒரு மின்மினியைப் பிடித்துக் காலித் தீப்பெட்டியில் அடைத்து, தலைமாட்டில் வைத்துக்கொண்டு படுத்தது நினைவுக்கு வந்தது. பெட்டியின் இடுக்கு வழியாகப் பசுமஞ்சள் கோடு ஒன்று விட்டுவிட்டுத் தெரிந்தது. காலையில் திறந்து பார்த்தால் வெறும் பழுப்பு நிறப் பூச்சி. வயிற்றின் கடைசி இரண்டு கண்டங்கள் மட்டும் மெழுகைப் போல வெளுத்திருந்தன, இரவு முழுவதும் அவ்வளவு வேலை பார்த்த விளக்கு அதுதான் என்று நம்பவே முடியவில்லை. மறுநாள் இரவு கோடு மங்கியது, அதற்கடுத்த இரவு இல்லை. பல மின்மினி இனங்களில் வளர்ந்த பூச்சி ஒன்றுமே உண்பதில்லை என்பதையும், புழுப் பருவத்தில் நத்தைகளையும் மண்புழுக்களையும் தின்று உடலில் சேர்த்துவைத்ததைச் செலவழித்தே சில வாரங்கள் ஒளிர்ந்து, இணையைத் தேடி, மடிந்துபோகிறது என்பதையும் பிற்பாடு படித்தபோது அந்தத் தீப்பெட்டியை நினைத்து நான் அடைந்த வருத்தம் இன்றும் முழுதாகத் தீரவில்லை.

உயிருள்ள வெளிச்சம் எங்கே இருந்தாலும் அதன் கணக்கு இதுதான். லூசிஃபெரின் என்ற பொதுப்பெயரில் அழைக்கப்படும் ஒரு வேதிப்பொருள், பெரும்பாலும் ஒரு நொதியின் துணையோடு, ஆக்சிஜனுடன் வினைபுரிகிறது. வினையில் வெளிப்படும் ஆற்றல் வெப்பமாக வீணாகாமல் ஒளியாக வெளியேறுகிறது. ரஃபேல் துபுவா என்ற பிரெஞ்சு விஞ்ஞானி 1880-களில் ஒளிரும் வண்டுகளையும் கடற்சிப்பிகளையும் கொண்டு, இந்த ஒளிக்கு இரண்டு பொருள்கள் தேவை என்றும், அவற்றில் ஒன்று வெந்நீரைத் தாங்கும், மற்றது தாங்காது என்றும் காட்டினார். மின்மினியின் வினையில் நூறு மூலக்கூறுகளுக்கு 88 ஒளித்துகள் கிடைப்பதாக நெடுங்காலம் பாடப்புத்தகங்களில் இருந்தது. 2008-ல் ஜப்பானில் மறுபடியும் அளந்தபோது அது சுமார் 41 என்று தெரிந்தது. நானே 88 என்று பல ஆண்டுகள் கரும்பலகையில் எழுதியிருக்கிறேன். 88 ஆனாலும் 41 ஆனாலும், அந்த நூறு மூலக்கூறுகளை அந்தப் பூச்சி தன் உடம்பிலிருந்துதான் எடுத்துத் தரவேண்டும். இலவச வெளிச்சம் என்று உயிருலகில் ஒன்று கிடையாது.

குடத்தின் மூடிக்கு வருகிறேன். 1667 அக்டோபர் 29 அன்று இராபர்ட் பாயில் என்ற ஆங்கிலேயர், இருட்டில் ஒளிரும் உளுத்த மரத்துண்டு ஒன்றைக் கண்ணாடிக் கலத்தில் வைத்து, காற்றை வெளியேற்றும் எந்திரத்தால் உள்ளிருந்த காற்றைச் சிறிது சிறிதாக உறிஞ்சி எடுத்தார். காற்றுக் குறையக் குறைய மரத்தின் ஒளி மங்கி, கடைசியில் அணைந்தே போயிற்று. காற்றைத் திரும்ப உள்ளே விட்டதும் ஒளி மீண்டது. அழுகிய மீனின் ஒளியைக் கொண்டும் இதே சோதனையைச் செய்தார். ஆக்சிஜன் என்ற பொருளை யாரும் பிரித்தறிய இன்னும் நூறு ஆண்டுகளுக்கு மேல் இருந்த காலம் அது. அந்த மரத்துக்குள் ஒளிர்ந்தது ஒரு பூஞ்சைதான் என்பதும் அவருக்குத் தெரியாது. தெரியாத நிலையிலும், இந்த ஒளி எதைக் கொண்டு வாழ்கிறது என்ற கேள்வியை ஒரு மனிதர் கையில் எடுத்து, விளக்கில்லாத அறையில் அந்தக் கலத்தின் முன் கண்ணை இடுக்கி உட்கார்ந்திருந்தார் என்பதை நினைத்தால் எனக்கு மெய்சிலிர்க்கிறது. என் பேத்தி கேட்டதும் அதே கேள்விதான். வாய் கட்டிய குடத்துக்குள் மாதக்கணக்கில் மங்காமல் ஒளிரும் நீருக்கு, பாயிலின் மரத்துண்டு ஒரு பதிலை முன்கூட்டியே சொல்லிவைத்திருக்கிறது.

குளிருக்கும் ஒரு பதில் உண்டு. 1775-ல் அமெரிக்காவில் டேவிட் புஷ்னெல் என்பவர் ஒரே ஆள் உட்கார்ந்து செலுத்தும் நீர்மூழ்கிக் கலம் ஒன்றைக் கட்டினார். உள்ளே மெழுகுவத்தி ஏற்றினால் இருக்கிற கொஞ்சக் காற்றையும் அது தின்றுவிடும் என்பதால், திசைகாட்டி முள்ளையும் ஆழமானியையும் இருட்டில் பார்ப்பதற்கு ஒளிரும் பூஞ்சை படிந்த மரத்துண்டுகளை ஒட்டிவைத்தார்கள். யோசனை பலித்தது, ஆனால் உறைபனி தொடங்கியதும் பூஞ்சை ஒளிர மறுத்தது. வேறு வழி உண்டா என்று பெஞ்சமின் பிராங்க்ளினிடம் கேட்டுப்பார்க்கும்படி அப்போது கடிதம் எழுதப்பட்டது. பனிக்காலப் பரணில் வைத்த குடத்தைப் படித்தபோது எனக்கு அந்தக் கலத்துக்குள் இருட்டில் தடுமாறியிருக்கக்கூடிய மனிதரின் நினைவுதான் வந்தது.

இவ்வளவு சொன்னதால் அந்த ஏரியையே நான் மறுக்கிறேன் என்று யாரும் கொள்ள வேண்டாம். ஒரு நீர்ப்பரப்பு முழுவதும், அலையடிக்காமலே, இரவெல்லாம் ஒரே சீராக ஒளிர முடியுமா என்று முந்தைய கடிதம் ஒன்றில் ஒருவர் கேட்டிருந்தார். முடியும். 1995 ஜனவரியில், இந்தியப் பெருங்கடலின் வடமேற்கில் சோமாலியாவுக்கு அப்பால் சென்ற லிமா என்ற கப்பலின் மாலுமிகள், கடல் முழுவதும் பால்போல வெளுத்து ஒளிர்வதாகப் பதிவுசெய்தார்கள். பத்து ஆண்டுகள் கழித்து, ஸ்டீவன் மில்லர் என்ற ஆய்வாளரும் அவருடைய குழுவினரும் பழைய செயற்கைக்கோள் படங்களைத் தேடி எடுத்துப் பார்த்தபோது, அதே இடத்தில் அதே இரவுகளில் ஏறத்தாழ 15,400 சதுர கிலோமீட்டர் பரப்பு ஒளிர்ந்துகொண்டிருந்தது தெரிந்தது. 2019-ல் ஜாவா தீவுக்குத் தெற்கே ஒரு லட்சம் சதுர கிலோமீட்டருக்கும் மேற்பட்ட கடல், 40 இரவுகளுக்கு மேல் இப்படி ஒளிர்ந்தது. நம் கதாசிரியரின் ஏரி இதன் முன் ஒரு குட்டை. பல நூற்றாண்டுகளாக மாலுமிகள் இந்தப் பாற்கடலைக் கண்டதாகச் சொல்லிவந்தபோது அதைக் கட்டுக்கதை என்று தள்ளியவர்கள் ஏராளம் என்பதையும் இங்கே சேர்த்துச் சொல்லவேண்டும்.

2019-ல் அந்த ஒளிக்கு நடுவே சென்ற கணேஷா என்ற சிறு பாய்க்கப்பலின் ஆட்கள் செய்த ஒரு காரியம், கதையில் வரும் குடத்தோடு ஒப்பிடத் தக்கது. ஒரு வாளி நீரை மொண்டு கப்பலில் வைத்துப் பார்த்தார்கள். நீருக்குள் புள்ளிபுள்ளியாகச் சீரான ஒளி தெரிந்தது. கலக்கியதும் மங்கியது. கடலில் பொதுவாக நாம் காணும் ஒளிக்கு இது நேர்மாறு, ஏனென்றால் அலை உடையும்போதும் துடுப்பு விழும்போதும் பளிச்சிடும் ஒளி, கலக்கினால்தான் பிறக்கும். அதைத் தருவது நாக்டிலூகா போன்ற ஓரணு உயிர்கள். பாற்கடலைத் தருவதாகக் கருதப்படுவது ஒளிரும் பாக்டீரியாக்கள், 1985-ல் அரபிக்கடலில் ஆய்வுக்கப்பல் ஒன்று எடுத்த நீரிலும் அவையே இருந்தன. ஒரே வாளி, ஒரே நீலம், ஆனால் கையை விட்டுக் கலக்கிப் பார்த்தால் உள்ளே இருப்பவர் யார் என்று தெரிந்துவிடும். கதையின் சிறுமி கரையில் முழங்கைவரை கைவிட்டுத் துழாவுகிறாளே, அப்போது ஏரி கூடுதலாக ஒளிர்ந்ததா, மங்கியதா என்று கதாசிரியர் ஒரு வரி எழுதியிருந்தால் போதும், அந்த ஒரு வரியில் ஏரிக்கு உயிர் வந்திருக்கும்.

இந்தப் பாக்டீரியாக்களிடம் இன்னொரு வழக்கம் உண்டு, அதை வகுப்பில் சொல்லும்போதெல்லாம் கடைசி வரிசையும் நிமிர்ந்து உட்காரும். அவை தனித்தனியாக இருக்கும்போது ஒளிர்வதில்லை. ஒவ்வொன்றும் ஒரு வேதிச் சைகையை நீரில் கசியவிடுகிறது, கூட்டம் பெருகி அந்தச் சைகை ஓரளவுக்கு மேல் அடர்ந்ததும் எல்லாம் சேர்ந்து விளக்கேற்றுகின்றன. 1970-ல் வெளிவந்த ஆய்வு ஒன்றின் வழியாக இது தெரியவந்தது. தனியாக ஒளிர்ந்து பயனில்லை, செலவுதான் மிச்சம் என்ற கணக்கு அந்த அணுவளவு உயிருக்கும் தெரிந்திருக்கிறது. அப்படியானால் ஏரியிலிருந்து பிரித்து எடுத்த ஒரு குடம் நீருக்கு, அதில் வேறு நீர் கலந்தால், இருட்டிப்போகவும் உரிமை உண்டு அல்லவா? சிறுமியின் தம்பி தெரியாமல் அந்தக் குடத்தில் ஒரு செம்பு நல்ல தண்ணீரை ஊற்றிவிட்டான் என்று வைத்துக்கொள்ளுங்கள், அதிலிருந்து எத்தனை அத்தியாயங்கள் பிறக்கும்!

நிலவுகளின் கணக்கில் கதாசிரியர் தவறவில்லை என்பதை மகிழ்ச்சியோடு குறிப்பிடுகிறேன். இரு நிலவுகளும் மறைந்த இரவில்தான் ஏரி எழுகிறது என்பது வெறும் அலங்காரம் என்று ஒரு வாசகர் எழுதியிருந்தார். பெர்முடா தீவை ஒட்டிய கடலில் வாழும் ஒருவகைப் புழு, முழுநிலவுக்குப் பிந்திய சில இரவுகளில், கதிரவன் மறைந்து ஒரு மணி நேரத்துக்குள், நீர்மட்டத்துக்கு வந்து பச்சை ஒளியை வட்டமாக உமிழ்ந்து இணையை அழைக்கிறது. நிலவு எழுவதற்கு முந்திய அந்தக் குறுகிய இருட்டு அதற்கு வேண்டியிருக்கிறது. கதையிலும் ஏரி இருட்டுக்காகக் காத்திருக்கிறது என்றால், எதற்காகக் காத்திருக்கிறது என்ற கேள்வி தானாக எழும். அழைக்கவா, அச்சுறுத்தவா, இரை பிடிக்கவா, ஒளிந்துகொள்ளவா?

கடைசியில் சொன்னது விந்தையாகத் தோன்றலாம். ஹவாய்க் கடலில் கட்டைவிரல் அளவுக் கணவாய் ஒன்று, வயிற்றுப்புறத்தில் ஒளிரும் பாக்டீரியாக்களை வளர்த்து, மேலிருந்து விழும் நிலவொளிக்கு ஈடாகக் கீழ்நோக்கி ஒளி விடுகிறது. கீழே இருந்து பார்க்கும் மீனுக்கு அதன் நிழலே தெரிவதில்லை. பொழுது விடிந்ததும் 90 சதவீதத்துக்கும் மேற்பட்ட பாக்டீரியாக்களை வெளியே தள்ளிவிட்டு, மிச்சத்தைக் கொண்டு அந்தி சாய்வதற்குள் புதிய கூட்டத்தை வளர்த்துக்கொள்கிறது. நியூசிலாந்தின் வைட்டோமோ குகைக் கூரையில் விண்மீன் கூட்டம்போலத் தெரியும் நீலப்புள்ளிகள், பசையொழுகும் நூல்களைத் தொங்கவிட்டுக் காத்திருக்கும் புழுக்களின் தூண்டில். வேறோர் இனத்துப் பெண்ணின் மினுக்கை அப்படியே ஒப்பித்து, நம்பி வரும் ஆணைத் தின்னும் மின்மினியும் உண்டு. இத்தனை காரணங்களில் ஒன்றையாவது ஏரிக்குத் தந்துவிட்டால், கரையோர மக்கள் ஏன் அந்த ஏரியில் படகு விடுவதில்லை என்பதற்குக் கதையில் இன்றுவரை இல்லாத பதிலும் கூடவே கிடைத்துவிடும்.

விளக்கினால் வியப்பு செத்துவிடும் என்று எழுதிய வாசகர்களிடம் ஒரு நிகழ்ச்சியைச் சொல்ல விரும்புகிறேன். 1961-ல் ஒசாமு ஷிமோமுரா என்ற ஜப்பானியர், அமெரிக்காவின் மேற்குக் கரையில் உள்ள ஃப்ரைடே ஹார்பர் ஆய்வுக்கூடத்தில், ஜெல்லி மீன்களின் ஒளியைப் பிரித்தெடுக்க முயன்றுகொண்டிருந்தார். ஆயிரக்கணக்கான மீன்களைப் பிடித்து, ஒளிரும் விளிம்பை வெட்டி, பிழிந்து, பல நாள் தோற்றார். ஒருநாள் மாலை, மிஞ்சிய சாற்றைத் தொட்டியில் கொட்டினார். அந்தத் தொட்டியில் மீன்வளர்ப்புக் கலத்திலிருந்து வழிந்த கடல்நீர் ஓடிக்கொண்டிருந்தது. சாறு விழுந்ததும் தொட்டியின் உட்புறம் முழுவதும் நீலமாகப் பளீரென்று எரிந்தது. கடல்நீரில் உள்ள கால்சியம்தான் ஒளியைத் தட்டியெழுப்புகிறது என்பதை அந்தக் கழுவுதொட்டி அவருக்குச் சொல்லிவிட்டது. அந்த மீனிலிருந்தே கிடைத்த பச்சை ஒளிர்புரதம் உலகெங்கும் உயிரணுக்களுக்குள் நடப்பதைக் கண்ணால் காணப் பயன்பட்டு, 2008-ல் அவருக்கும் வேறு இருவருக்கும் வேதியியல் நோபல் பரிசு கிடைத்தது. காரணம் தெரிந்ததால் அந்த நீலம் ஒரு துளியும் மங்கவில்லை. காரணம் தெரியாதவர்கள் அந்தத் தொட்டியைப் பார்த்திருந்தால் ஒருமுறை வியந்திருப்பார்கள், அவர் வாழ்நாள் முழுவதும் வியந்துகொண்டிருந்தார்.

நம்மிடமே இதற்குச் சான்று இருக்கிறது. அகநானூற்றின் 72-ஆம் பாடலில், நள்ளிரவு மழையில், மின்மினிகள் மொய்த்த புற்றைக் கரடி கையால் தோண்டும்போது அவை பொற்பொறிபோலச் சிதற, அந்தக் கரடி இரும்படிக்கும் கொல்லனைப்போலத் தோன்றுகிறது என்று புலவர் சொல்கிறார். புற்றுக்குள் கரடிக்கு என்ன வேலை என்பதையும் அவர் விடவில்லை, உள்ளே இருக்கும் குரும்பியை, அதாவது புற்றாஞ்சோற்றைத் தேடித்தான் அது தோண்டுகிறது. ஒளியும் இரையும் ஒரே காட்சியில் இருக்கின்றன, காட்சி அதனால் கூடுதலாகவே ஒளிர்கிறது.

சென்ற வார அத்தியாயத்தின் முடிவில், ஏரியின் அடியில் ஒரு பாம்பு காத்துக்கிடக்கும் மாணிக்கம் உண்டு என்று கிழவி ஒருத்தி சொல்வதைப் படித்ததும்தான் இக்கடிதத்தை எழுதத் துணிந்தேன். ஒளிக்கெல்லாம் அந்தக் கல்தான் காரணம் என்று கதை முடிந்துவிடுமோ என்ற அச்சம் எனக்கு. நாகமாணிக்கக் கதையை நான் இகழவில்லை. பாம்பு மாணிக்கத்தைக் கக்கி வைத்துவிட்டு அதன் வெளிச்சத்தில் இரை தேடும் என்றுதானே நம் முன்னோர் சொன்னார்கள்? அந்தக் கட்டுக்கதையிலும் வெளிச்சத்துக்கு ஒரு வேலை இருந்தது, வைட்டோமோவின் புழுவுக்கும் அந்தப் பாம்புக்கும் தொழில் ஒன்றுதான். வேலையை விட்டுவிட்டுக் கல்லை மட்டும் எடுத்துக்கொண்டால் முன்னோர் சொன்னதில் பாதியைத் தொலைத்தவர்கள் ஆவோம். கொள்ளிவாய்ப் பிசாசைப் பற்றி நான் இங்கே பேசப்போவதில்லை, அதற்குத் தனிக் கடிதம் வேண்டும்.

ஏரி உயிருள்ளதாக இருக்கவேண்டும் என்று நான் பிடிவாதம் செய்யவில்லை. இந்தோனேசியாவின் கவா இஜென் எரிமலையில் பாறைப்பிளவு வழியே வெளியேறும் கந்தக வாயு பற்றிக்கொண்டு இரவெல்லாம் நீலச்சுடராக எரிகிறது. அதற்குப் பசி இல்லை, நெடியும் வெப்பமும் உண்டு. அப்படிப்பட்ட ஏரி என்றால் சிறுமியின் கை வெந்திருக்கும். எந்த வழியைக் கதாசிரியர் தேர்ந்தாலும் அந்த வழிக்கு உரிய விலையைக் கொடுக்கட்டும். இன்னொன்று, நன்னீரில் தானாக ஒளிரும் உயிர்கள் மிக அரிது. நியூசிலாந்தின் ஓடைகளில் லாட்டியா என்ற சிறு நத்தை ஒன்று, சீண்டினால் பச்சையாக ஒளிரும் கூழை உமிழ்கிறது, நன்னீர் நத்தைகளில் அது ஒன்றே ஒன்றுதான். ஆகவே அந்த மலைநாட்டு ஏரியின் நீர் கரிக்கட்டுமே. ஒருகாலத்தில் அது கடலாக இருந்து துண்டிக்கப்பட்டது என்று கிழவி சொல்வதற்கு, மாணிக்கத்தைவிடப் பெரிய கதை கிடைக்குமே.

எல்லாவற்றையும் விளக்கியே தீரவேண்டும் என்றும் நான் கேட்கவில்லை. நார்வேயின் ஹெஸ்டாலன் பள்ளத்தாக்கில் 1981 டிசம்பரிலிருந்து 1984 வரை வாரத்துக்குப் பல முறை வானில் ஒளிக்கோளங்கள் தெரிந்தன. 1983-ல் ஆய்வு தொடங்கியது, 1998-லிருந்து தானியங்கி நிலையம் ஒன்று கேமராவோடு காத்திருக்கிறது. பல கருதுகோள்கள் உண்டு, எல்லாரும் ஒப்புக்கொண்ட விடை இன்னும் இல்லை. ஆனால் அங்கே யாரும் கையைக் கட்டிக்கொண்டு உட்காரவில்லை, அளக்கிறார்கள், பதிவுசெய்கிறார்கள். கதையிலும் விடை தெரியாமல் போகலாம். அந்தச் சிறுமி குடத்தின் மூடியைத் திறந்தும் மூடியும், கலக்கியும் கலக்காமலும், பனியில் வைத்தும் அடுப்பருகே வைத்தும் பார்த்து, ஒவ்வோர் இரவும் என்ன நேர்ந்தது என்று சுவரில் கோடு கிழித்துவைத்தாள் என்று எழுதினால் போதும். விடை கிடைக்காவிட்டாலும் பிள்ளைகள் அந்தச் சுவரை மறக்கமாட்டார்கள்.

தாங்கள் எனக்குச் செய்யவேண்டிய உதவி ஒன்றுதான். இக்கடிதத்தை வெளியிட இடமில்லாமல் போனாலும், என் பேத்தியின் கேள்வியை மட்டும் கதாசிரியரிடம் சேர்த்துவிடுங்கள். அவள் அன்றைக்கே தன் நோட்டுப் புத்தகத்தில் அந்தக் குடத்தை வரைந்து, வாய்க்கட்டை அவிழ்த்து, மூடியைப் பக்கத்தில் கழற்றி வைத்துவிட்டாள். ஏன் என்று கேட்டதற்கு, அடுத்த அத்தியாயம் வரும்வரைக்கும் அதற்கு மூச்சு முட்டக்கூடாது என்றாள்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்